மீட்டர் நம்பர் என்ன மருமவனே?

ஏ மருமவனே, லைட் பில் கவுன்ட்டர்ல நீ போட்ட சத்தம் மான்குர்த் ஸ்டேஷன் வரைக்கும் கேட்டுச்சாமே! போடணும், பின்ன? மாசம் எண்ணூறு கட்டுதவனுக்கு ஆறாயிரத்துச் சொச்சம் வந்தா வாய் சும்மா இருக்குமா? கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த பிள்ளை, "முதல்ல கட்டுங்க, பொறவு பாக்கலாம்"னு சொல்லியிருக்கும். நீயும் தொண்டை கட்டிப்போய் ஒரு கட்டிங் சாயாவக் குடிச்சுட்டு வந்துருப்ப. போன காரியம் சாயாவோட முடிஞ்சுது.

சரி, உன் மீட்டர் நம்பர் என்ன? தெரியாதா? ஐபிஎல்ல எவன் எத்தன ரன்னுன்னு தெரியும், எதிர்வீட்டுல என்ன கொழம்புன்னு தெரியும், இது தெரியாது. வா, கீழ மீட்டர் ரூமுக்கு. டார்ச்ச எடுத்துக்க. எலி இருக்கும், எவனோ கழட்டிப் போட்ட சைக்கிளும் கெடக்கும், கால் இடிச்சுறாத.

பில்லை வெளிச்சத்துல பிடி. கடைசி நாலு நம்பரைச் சொல்லு. ஆங், இந்தா இருக்கு. இப்ப பொண்டாட்டிக்குப் போன் போட்டு மெயின் சுவிட்சை அணைக்கச் சொல்லு. அணைச்சாச்சா? உன் வீடு இருட்டு. ஆனா பாரு, இந்த மீட்டர்ல செவப்பு லைட்டு இன்னும் கண்ணடிச்சுக்கிட்டு நிக்கி. உனக்கு இல்லலே, மேல அஞ்சாம் மாடியில ரெண்டு ஏசி போட்டுருக்கானே, அவனுக்கு! போன மாசம் கம்பெனிக்காரன் பழைய மீட்டரக் கழட்டிப் புதுசு மாட்டுனான்ல, அன்னைக்கு வயரு இடம் மாறிப்போச்சு. நேத்து உன் பில்லப் பாத்து உச்சுக் கொட்டிட்டுப் போனவனும் அந்த அஞ்சாம் மாடிக்காரன்தான். அவன்கிட்ட எகிறாத, அவனுக்கும் தெரியாது.

முந்தி ஒருக்க இப்படித்தான் பில்லு எகிறுச்சே, 2020 ஜூன், ஞாபகம் இருக்கா? கொரோனான்னு மார்ச் கடைசியிலருந்து ரீடிங் எடுக்க ஆள் வரல. குளிர்காலத்துச் சராசரியப் போட்டு பில் அனுப்புனான். நாமளோ நாலு சுவத்துக்குள்ள ஃபேன ஓடவிட்டே கோடையக் கழிச்சோம். ஜூன்ல மொத்தக் கணக்கும் வந்து விழுந்துச்சு. சினிமாக்காரங்க கூட அலறுனாங்க. மார்ச், ஏப்ரல், மே சராசரிக்கு ரெட்டிப்புக்கு மேல போன பில்ல மூணு தவணையில கட்டலாம்னு மகாராஷ்டிரா மின்சார ஒழுங்குமுறை ஆணையம் சொல்லிச்சு. ஊரு "தள்ளுபடி, தள்ளுபடி"ன்னு கத்திக்கிட்டு இருந்தப்ப, நான் யூனிட்ட மாசவாரியாப் பிரிச்சுப் போட்டுருக்கானான்னு எண்ணிக்கிட்டு இருந்தேன். மொத்தத்தையும் ஒரே மாசத்துல அடுக்குனா மேல் ஸ்லாபு ரேட்டுக்கு ஏறிருமே! உங்க அத்தை என்னக் கஞ்சன்னா. இருந்துட்டுப் போறேன்.

நீ இப்ப காகிதம் எழுது. "அநியாயம், அக்கிரமம்" எல்லாம் வீட்டுலயே வச்சுட்டுப் போ. ரெண்டு மீட்டர் போட்டோ, ரெண்டு நம்பர், தேதி, அம்புட்டுதான். காப்பியில சீல் குத்தி வாங்கு. மராட்டியில 'போச்'ம்பாங்க. அது கையில இல்லேன்னா நீ அந்த ஆபீசுக்குப் போகவே இல்லேன்னு அர்த்தம்.

கரண்ட வெட்டிருவான்னு பயப்படாத. 2003 மின்சாரச் சட்டம் 56-ஆம் பிரிவுப்படி 15 நாள் எழுத்துல நோட்டீஸ் குடுக்காம வெட்டப்படாது. கம்பெனி கேக்க தொகை, இல்லேன்னா கடைசி ஆறு மாசச் சராசரி, இதுல எது கொறச்சலோ அத "ஆட்சேபத்தோட கட்டுதேன்"னு எழுதிக் கட்டிட்டா வழக்கு முடியுற வரைக்கும் வயர்ல கை வைக்கப்படாது. உனக்கு எண்ணூறோட போச்சு.

அப்பயும் அசையலேன்னா நுகர்வோர் குறைதீர் மன்றம். 42-ஆம் பிரிவுப்படி கம்பெனியே அத வச்சாகணும். திருடன் வீட்டுத் திண்ணையில பஞ்சாயத்தான்னு முறைக்காத, விதி ஆணையத்தோடது, 60 நாள்ல சொல்லணும். தீர்ப்பு கசந்தா, அடுத்த 60 நாளுக்குள்ள பாந்த்ரா குர்லா காம்ப்ளெக்ஸ்ல ஓம்பட்ஸ்மேன் இருக்காரு. அவரு கம்பெனி ஆள் இல்ல.

ஆமா, புகார் குடுத்தா ஆள் பாக்க வருவான்னு பயந்தா இட்லி மாவு அரைச்சு விக்குத கிரைண்டரச் சாக்கப் போட்டு மூடி வச்சுருக்கா உன் பொண்டாட்டி? வீட்டுல சிறுதொழில் செஞ்சாலும் மாசம் 300 யூனிட்டுக்குள்ள, வருசம் 3,600-க்குள்ள இருந்தா வீட்டு ரேட்டுதான். அதத் தாண்டி, அனுமதியில்லாத உபயோகம்னு 126-ஆம் பிரிவுல மாட்டுனாத்தான் ரெட்டிப்பு ரேட்டு. அந்த வழக்கக் குறைதீர் மன்றம் தொடவும் தொடாது. உள்ளத மூடி வச்சா இல்லாதது தெரியும். எடு சாக்க.

நில்லு, இன்னொண்ணு. அஞ்சாம் மாடிக்காரன் இந்த மாசம் பில்லு கொறஞ்சுட்டுன்னு ஜிலேபி குடுத்தானே, அது உன் காசு. நீ என்னமோ மரியாதைக்காரன் மாதிரி ரெண்டோட நிறுத்திட்டியே!