அரசனுக்குப் பக்கத்துல அரணை

ஏலே பேராண்டி, கட்டுக் கட்டா தகவல் புத்தகம் வாங்கியாந்திருக்கியாம்லா. உங்க ஆச்சி சொன்னா. பேரன் உலகத்தையே கரைச்சுக் குடிக்கப் போறான்னு அவளுக்கு ஒரே பெருமை. குடி, வேண்டாங்கல. ஆனா குடிச்ச சூட்டோட விசேஷ வீட்டுக்கு மட்டும் வந்துராத. ரசம் ஊத்த வந்த மாமனைக் கரண்டியோட நிப்பாட்டி, "மிளகுக்குத் தாவரவியல் பேரு என்ன தெரியுமா"ன்னு கேட்டவன் ஒருத்தன் நம்ம தெருவுல இருக்கான். இன்னும் பொண்ணு அமையல. யாருன்னு நான் சொல்ல மாட்டேன்.

தகவல் புத்தகம்னா வானத்துல இருந்து எறங்குன வித்துவான்க எழுதினதுன்னு நெனைச்சிருப்பே. கின்னஸ் புத்தகம் வந்த கதையைக் கேளு. 1951-ல அயர்லாந்துல வெக்ஸ்ஃபோர்டுப் பக்கம் ஹியூ பீவர்னு ஒருத்தர் துப்பாக்கியைத் தூக்கிக்கிட்டு வேட்டைக்குப் போனாரு. கின்னஸ் பீர் கம்பெனிக்கு அவருதான் நிர்வாக இயக்குநர். உப்புக்கொத்தி சாதியில ஒரு பறவை. சுட்டாரு, படல. குறி தப்பிருச்சுன்னு ஒத்துக்கிட்டா சோலி முடிஞ்சிருக்கும். அது எப்படி ஒத்துக்கிடுவாரு? பறவைதான் ரொம்ப வேகம்னுட்டாரு. ராத்திரி விருந்துல அதுவே வாக்குவாதமாச்சு. ஐரோப்பாவுல வேட்டைப் பறவைகள்லயே வேகமானது அந்த உப்புக்கொத்தியா, க்ரவுஸ்னு சொல்லுற காட்டுக்கோழியான்னு. வீட்டுல இருந்த புத்தகத்தையெல்லாம் புரட்டியும் விடை கெடைக்கல. அப்பத்தான் மனுசனுக்குப் பொறி தட்டுச்சு. நம்ம பீரைக் குடிச்சிட்டு தினமும் கடை கடையா இந்த மாதிரிச் சண்டைதான நடக்கு, அதைத் தீர்த்து வைக்க ஒரு புத்தகம் போட்டா என்னன்னு. மக்வெர்ட்டர்னு இரட்டைப் பிள்ளைக, அண்ணன் தம்பி ரெண்டு பேரை உக்கார வச்சு எழுதச் சொல்லி 1955-ல புத்தகத்தை எறக்கிட்டாரு. ஊத்திக் குடுத்தவனே பஞ்சாயத்தும் பண்ணினான். அதுல நூறு தகவலை மனப்பாடம் பண்ணி ஒப்பிக்கிறவனைப் பாத்து நீ அறிவாளிங்கே.

சரி, மிளகைப் பத்திப் பேச்சு வந்துச்சுல்லா, அதுக்கு ஆதி ஆளு ஒருத்தர் இருக்காரு. ரோமாபுரி பிளினி. இப்பக் கணக்குக்கு கிட்டத்தட்ட ரெண்டாயிரம் வருசம் ஆச்சு. உலகத்துல உள்ளதையெல்லாம் 37 புத்தகமா எழுதி வச்சுட்டுப் போயிட்டாரு. வானம், மலை, மீன், மரம், கல்லு, மருந்து, சாயம், ஒண்ணு பாக்கியில்ல. சாப்பிடும்போதும் பக்கத்துல ஒருத்தன் வாசிக்கணும், குளிச்சிட்டு மேலு தொடைக்கும்போதும் வாசிக்கணும். கூடப்பொறந்தவ மகன் தெருவுல நடந்து போறதைப் பாத்துட்டு, "பல்லக்குல போனா அந்த நேரத்துல நாலு பக்கம் வாசிச்சிருப்பியே, இப்படி நேரத்தைப் பாழாக்குதியே"ன்னு வைதாராம். தாய்மாமன் தொல்லைங்கிறது எல்லா ஊருக்கும் பொதுதான் போல.

அவரு மிளகைப் பத்தி என்ன எழுதியிருக்காருன்னு பாரு. பழமா பாக்க லெட்சணமில்ல, உறைப்பைத் தவிர வேற ஒரு சொகமுமில்ல, அதைப் போயி தங்கம் வெள்ளி மாதிரி நிறுத்து வாங்குதானுவளேன்னு அலுத்துக்கிடுதாரு. வெலையும் போட்டிருக்காரு. ராத்தல் கருமிளகு 4 தினாரியஸ் காசு, வெள்ளை மிளகு 7, திப்பிலி 15. இந்தியாக்காரன் வருசத்துக்கு 5 கோடி செஸ்டர்ஸ் காசை நம்மகிட்ட உருவிட்டுப் போறான்னு ஒப்பாரி வேற. முசிறித் துறைமுகத்துல எறங்காதீய, பக்கத்துல கடற்கொள்ளைக்காரன் இருக்கான்னு புத்தி சொல்லுதாரு. பாண்டிய ராசா கடக்கரையில இருந்து ரொம்ப தூரத்துல, உள்நாட்டுல மதுரையில இருக்காருன்னும் எழுதியிருக்காரு. நம்ம பக்கத்துக்கு ஒரு நாளும் வந்ததில்ல. ஆனா எம்புட்டுத் துல்லியம் பாத்தியா?

அதே மனுசன், அதே புத்தகத்துல, இந்தியாவுல ஒத்தைக்கால் மனுசங்க இருக்காங்கன்னு எழுதுதாரு. ஒத்தைக்கால்லயே தாவித் தாவி ஓடுவாங்களாம். வெயில் கொளுத்துச்சுன்னா மல்லாக்கப் படுத்து அந்தக் காலைத் தலைக்கு மேல தூக்கிக் குடையாப் பிடிச்சிக்கிடுவாங்களாம். கங்கை பொறக்குற எடத்துல வாயே இல்லாத சனம் இருக்காம். பூ, பழம், வேருன்னு வாசனையை மோந்தே வயிறு வளக்குமாம். கொஞ்சம் கடுமையான நாத்தம் அடிச்சா உசுரு போயிருமாம். நம்ம தெருவுல ஒரு நாளைக்குக் கருவாடு வறுத்தாப் போதும், ஒரு வம்சமே காலி.

இங்கனதான் நீ நிக்கணும். எப்படிலே ஒரே ஆளுக்கு மிளகு வெலை சரியா வந்துச்சு, மனுசனுக்குக் காலு மட்டும் ஒண்ணு கொறைஞ்சு போச்சு? நான் சொல்லுதேன். மிளகு வெலை யாவாரி சொல்லி வந்தது, ரோமாபுரிக் கடையில எவனும் போயி ஒத்துப் பாத்துக்கிடலாம். ஒத்தைக்கால் கதை, பாரசீக அரமனையில வைத்தியரா இருந்த டீசியஸ்னு ஒரு கிரேக்கன் அதுக்கு நானூறு அஞ்ஞூறு வருசம் முந்தி எழுதி வச்ச புத்தகத்துல இருந்து வந்தது. அந்த வைத்தியரு இந்தியாப் பக்கம் காலே வச்சதில்ல. அரமனைக்கு வந்து போறவன் அளந்ததைக் கேட்டு எழுதினாரு. அதனால எந்தத் தகவல் புத்தகத்தைத் தொறந்தாலும் இவன் சந்தையில கேட்டானா, சாய்வு நாற்காலியில சாஞ்சுக்கிட்டு இன்னொருத்தன் புத்தகத்துல பாத்தானான்னு மொதல்ல மோந்து பாரு. வாயில்லாதவனே மூக்கை வச்சுப் பொழைச்சிருக்கான், உனக்கு ரெண்டும் இருக்கு.

பிளினி செத்த கதையும் சொல்லிருதேன். கி.பி. 79-ல வெசூவியஸ் எரிமலை பொங்குச்சு. இவரு அப்பக் கப்பல்படைக்குத் தலைவரு. மேகம் பெரிய மரம் மாதிரி கெளம்புறதைப் பாத்ததும் கிட்டப் போயிப் பாக்கணும்னு கப்பலைத் தயார் பண்ணச் சொன்னாரு. கூடப்பொறந்தவ மகனையும் வாரியான்னு கூப்பிட்டாரு. அவன் எனக்குப் பாடம் இருக்குன்னு வீட்டோட இருந்துக்கிட்டான். மாமா போன எடத்துல, ஆபத்துல கெடந்தவங்களை ஏத்திக்கிட்டு வரப் பாத்து, கடக்கரையிலயே முடிஞ்சு போனாரு. மருமகன் பொழைச்சுக் கெடந்து அந்தக் கதையைக் கடுதாசியா எழுதி வச்சான். உங்க ஆச்சிகிட்ட இதைச் சொல்லு. படிச்சுக்கிட்டே வீட்டுல கெடக்கிறதுக்கு இதைவிட நல்ல சாக்கு உனக்குக் கெடைக்காது.

அடுத்த சமாசாரம் அடுக்குறது. தகவல் புத்தகம் எழுதுறவனுக்கும் கல்யாண வீட்டுல பந்தியைப் பாத்துக்கிடுற பெரியவருக்கும் ஒரே தொல்லைதான். யாரை மொதப் பந்தியில உக்கார வைக்க, யாரை யாருக்குப் பக்கத்துல போட? நம்ம ஆளுக சொல்லுக்கு அர்த்தத்தை நிகண்டுன்னு பாட்டாக் கட்டி, திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை மனப்பாடம் பண்ண வச்சாங்களே, அதுலயே பாரு. திவாகரத்துல மொத எலை தெய்வத்துக்கு, ரெண்டாவது மனுசனுக்கு, மூணாவது விலங்குக்கு, அப்புறம் மரத்துக்கு. பிங்கலந்தையில மொத எலை வானத்துக்கு. தேவர்கள் ரெண்டாவது, முனிவர்கள் மூணாவது. ஆடு மாடும் மரமும் எட்டாவது ஒம்பதாவதுன்னு கடேசிப் பக்கத்துல. உலகம் ஒண்ணுதாம்லே. உக்கார வச்ச ஆளு வேற, அதனால சாமியே ரெண்டாம் பந்திக்குப் போக வேண்டியதாப் போச்சு.

இதுல குட்டையைக் குழப்பினவரு வீரமாமுனிவரு. அவருக்கு முன்னாலயே ரேவண சித்தர் மொத எழுத்தைப் பாத்து அடுக்கிப் பாத்தாருதான். முனிவரு 1732-ல சதுரகராதியில எழுத்து வரிசையை இறுக்கிப் பிடிச்சிட்டாரு. அதுக்கப்புறம் எந்த அகராதியைத் தொறந்தாலும் அரசன், ரெண்டு மூணு எலை தள்ளி அரட்டை, அதுக்குக் கொஞ்சம் தள்ளி அரணை. ராசாவும் பல்லிக்குச் சொந்தக்காரியும் ஒரே வரிசையில உக்காந்து திங்காக. பேரு எழுத்துப்படி உக்காருன்னா சண்டையே வராதுன்னுதான் உலகம் பூரா எழுத்து வரிசையைப் பிடிச்சுக்கிட்டான். எனக்கும் அது பிடிச்சிருக்கு. நம்ம ஊர்க் கோயில் கொடையில மட்டும் ஏன் இன்னும் வரலன்னு கேக்காத, வரி வாங்குறப்ப வரும்.

எழுத்து வரிசையிலயும் கோளாறு உண்டு. ஸ்காட்லாந்துல எடின்பரோவுல 1768-ல பிரிட்டானிக்கா ஆரம்பிச்சானுவ. 1771-ல மூணு தொகுதியா முடிஞ்சது. இங்கிலீசுல எழுத்து 26. மொதத் தொகுதியில ஏ, பி ரெண்டே ரெண்டு. மிச்சம் 24-ம் பின்னால ரெண்டு தொகுதியில. மொதப் பந்திக்கு வடை ரெண்டு, கடேசிப் பந்திக்கு ரசத்துக்கும் வழியில்ல. அதுல பொம்பளைங்கிறது பாவம் டபிள்யூ, கடேசிப் பந்தி. ஆம்பளையோட பெண்பாலு, மேக்கொண்டு மனுசன்னு போட்டிருக்கிற எடத்துல பாத்துக்கிடுன்னு ஒத்தை வரியில முடிச்சிட்டான். குதிரை வைத்தியத்துக்கு மட்டும் பக்கம் பக்கமா எடம் இருந்திருக்கு. உங்க ஆச்சிக்கு இதைப் படிச்சுக் காட்டிராத. எனக்கு ராத்திரிச் சோறு முக்கியம்.

அமெரிக்காக்காரன் மெல்வில் டூயி இருக்காரே, அவரு எழுத்தெல்லாம் வேண்டாம், எண்ணைப் போடுன்னுட்டாரு. 1876-ல உலக அறிவு மொத்தத்தையும் பத்துப் பங்கா வெட்டினாரு. தன் பேரையே எழுத்து அதிகம்னு வெட்டினவரு, உலகத்தை விடுவாரா? மதத்துக்கு 200. அதுல கிறிஸ்தவத்துக்கு மட்டும் பெரும்பங்கு, மத்த சாமி எல்லாருக்கும் சேத்து 290. இலக்கியத்துக்கு 800. இங்கிலீசுக்கு 820, செருமனிக்கு 830, பிரெஞ்சுக்கு 840ன்னு ஆளுக்கொரு பத்து ஏக்கர். நம்ம சங்க இலக்கியத்துல இருந்து நேத்து வந்த நாவல் வரைக்கும் 890-க்குள்ள, அதுலயும் 894-க்கு அங்கிட்டு ஒரு புள்ளி வச்சு 811. கோவப்படாத. நீ அடுக்குனாலும் உன் சாதி சனத்தை முன்னாலதான் வைப்பே.

அச்சுல வந்துட்டா உண்மைன்னு நெனைக்கிறவனுக்கு ஒண்ணு. 1934-ல வந்த வெப்ஸ்டர் பெரிய அகராதியில "டோர்ட்"னு ஒரு சொல்லு, அர்த்தம் அடர்த்தின்னு போட்டுட்டான். அப்படி ஒரு சொல்லே கெடையாது. அடர்த்திக்குச் சுருக்கம் பெரிய டி அல்லது சின்ன டின்னு, இங்கிலீசுல "டி ஆர் டி"ன்னு ஒரு சீட்டுல எழுதியிருந்ததை எவனோ கோத்து வாசிச்சிட்டான். 1939-லதான் ஒருத்தர் கண்ணுல பட்டுச்சு. அஞ்சு வருசம் பெரிய பெரிய வாத்தியாருகளோட அலமாரியில கால் மேல கால் போட்டு உக்காந்திருந்துச்சு.

கேலி பேசுதேன்னு இவங்களையெல்லாம் எளக்காரமா நெனைச்சிராத. அபிதான சிந்தாமணி எழுதின சிங்காரவேலு முதலியாரு சென்னைப் பச்சையப்பன் பள்ளியில தமிழ் வாத்தியாரு. புராணத்துல வர்ற பேரையெல்லாம் தொகுக்க ஆரம்பிச்சு, ராசா, நாடு, செடி, கொடின்னு விரிஞ்சு, அச்சுல போட ஆள் கெடைக்காம அலைஞ்சாரு. கடேசியில பாண்டித்துரைத் தேவர் கைகொடுத்து 1910-ல வந்துச்சு. ரெண்டாம் பதிப்பு 1934-ல வந்தப்போ அவரு உசுரோட இல்ல. ஒத்தை ஆளுலே. அதுக்கப்புறம் பெரியசாமித் தூரன் பெரிய கூட்டத்தையே சேத்து, 1954-ல இருந்து 1968 வரைக்கும் 10 தொகுதி கலைக்களஞ்சியம் கொண்டாந்தாரு. பாட்டும் கட்டிக்கிட்டு இதையும் பண்ணினாரு. பழைய புத்தகக் கடையில கெடைச்சா தூக்கிட்டு வா. அதுல உள்ள கணக்கு வழக்கு பழசாத்தான் இருக்கும். ஆனா மாட்டை, மீனை, மின்சாரத்தைத் தமிழ்ல எப்படிச் சொல்லுறதுன்னு ஒரு தலைமுறையே உக்காந்து யோசிச்சது அதுல கெடக்கு. பளபளன்னு நீ வாங்கியாந்திருக்கியே, அதுல பாதி எங்கயோ இருந்து உருவி ஒட்டினது. மோந்து பாத்தாலே தெரியும்.

அடுக்குறதுல நம்ம ஆளு ஒருத்தரு எல்லாரையும் தூக்கிச் சாப்பிட்டாரு, சீர்காழி ரங்கநாதன். கணக்கு வாத்தியாரு. 1924-ல சென்னைப் பல்கலைக்கழகத்துல நூலகராப் போட்டாங்க. படிக்க ஒரு ஈ காக்கா வரல. இந்தத் தனிமை நமக்கு ஒத்துவராது, பழையபடி பாடம் நடத்தப் போறேன்னு கெஞ்சினாரு. லண்டனுக்குப் போயி நூலகப் படிப்பைப் பாத்துட்டு வா, அப்புறம் பேசுவோம்னு அனுப்பிட்டாங்க. அங்க ஒரு கடையில மெக்கானோ பொம்மையைப் பாத்தாரு. நாலு தகடு, நாலு திருகாணி. அதையே மாத்தி மாத்தி முடுக்கி வண்டியாக்கலாம், கிரேனாக்கலாம். அறிவையும் ஏன் இப்படி முடுக்கக் கூடாதுன்னு நெனைச்சாரு. எதைப் பத்தின புத்தகம், என்ன பொருளு, அதுக்கு என்ன செய்யுதான், எந்த ஊரு, எந்தக் காலம், இந்த அஞ்சைத் தனித்தனியா எடுத்துக் கோர்த்துக்கிட்டே போகலாம்னுட்டாரு. நெல்லு, நெல்லுக்கு வர்ற நோய், அதுக்கு வைத்தியம், தஞ்சாவூரு, 1950ன்னு. கோக்கிறதுக்குத் திருகாணி முக்காப்புள்ளி. 1933-ல கோலன் பகுப்புமுறைன்னு அச்சுல வந்துச்சு. டூயி ஒவ்வொரு ஆளுக்கும் எலையை முன்னாலயே போட்டு வச்சாரு. இவரு வர்ற ஆளைப் பாத்து எலை போடச் சொன்னாரு.

இப்ப உன் சோலியைப் பாரு. புத்தகத்தையெல்லாம் அலமாரியில அடுக்கப் போறேன்னு ஆச்சிகிட்ட சொன்னியாம். அடுக்கு. அந்தப் பிளினியை எங்க வைப்பே? சரித்திரத்துலயா, மரம் செடியிலயா, மிளகு யாவாரத்துலயா, இல்ல ஒத்தைக்கால் மனுசனுக்காகக் கதைப் புத்தகத்துலயா? சாயங்காலத்துக்குள்ள வச்சிட்டு எனக்குச் சொல்லி அனுப்பு. நான் வந்து எடுத்து வேற எடத்துல வைக்கணும்லா.