மலபாரில் வெற்றி, சாக்லேட் 20 கிராம்

கல்லூரி விடுதியில் ஜார்ஜ் ஆர்வெலின் ‘1984’ நாவல் கைமாறிக் கைமாறி என்னிடம் வந்தபோது, நாங்கள் பேசியதெல்லாம் எலிக்கூண்டைப் பற்றித்தான். 101-ஆம் அறை, அடி, உதை, சுவரிலிருந்து ஓயாமல் வேவு பார்க்கும் டெலிஸ்கிரீன். கதாநாயகன் வின்ஸ்டன் ஸ்மித் வயிற்றுப்பாட்டுக்கு என்ன வேலை பார்க்கிறான் என்பது எங்களுக்கு ஒரு பொருட்டாகவே படவில்லை. பிறகு ஒரு நாளிதழில் உதவி ஆசிரியராகச் சேர்ந்து, செய்தி மேசையிலேயே தலை நரைத்து ஓய்வும் பெற்றாகிவிட்டது. இப்போது அதே நாவலைப் படிக்கும்போது எலிகளைத் தாண்டிவிடுகிறேன். வின்ஸ்டனின் மேசையைத் தாண்ட முடியவில்லை.

ஓஷியானியா என்ற கற்பனைப் பேரரசின் உண்மை அமைச்சகத்தில் இருக்கிறது அந்த மேசை. 300 மீட்டர் உயர வெள்ளைக் கட்டடம். தரைக்கு மேலே மட்டும் 3,000 அறைகள். வலப்பக்கத்துச் சிறு குழாயில் உத்தரவுச் சீட்டு வந்து விழும். இடப்பக்கத்துப் பெரிய குழாயில் பழைய நாளிதழ் வரும். கை நீட்டும் தூரத்தில், சுவரில் கம்பிவலை போட்ட ஒரு பொந்து. அதில் போட்ட காகிதம் நேராகக் கட்டடத்துக்குள் எங்கோ மறைந்திருக்கும் உலைக்குப் போய்விடும். பேரரசின் தலைவரான ‘பெரியண்ணன்’ என்றோ சொன்ன ஆரூடம் பொய்த்துப் போயிருந்தால், பலித்த ஆரூடத்தை அன்றே சொல்லியிருந்ததாக இதழைத் திருத்தி மறுபடி அச்சடித்துக் கோப்பில் வைப்பார்கள். மூலப்பிரதி உலைக்கு.

ஒருநாள், காணாமல் ஆக்கப்பட்ட ஓர் ஆளைப் புகழ்ந்த பழைய உரையை மாற்ற வேண்டியிருக்கிறது. வின்ஸ்டன் அந்த இடத்தில் தோழர் ஓகில்வி என்ற வீரனை உண்டாக்கி வைக்கிறான். மூன்று வயதிலேயே முரசையும் துப்பாக்கியையும் பொம்மை ஹெலிகாப்டரையும் தவிர எதையும் தொடாத குழந்தை. 11 வயதில் சொந்த மாமனையே காட்டிக்கொடுத்தவன். 23 வயதில் ரகசியக் கடிதங்களோடு இந்துமகா சமுத்திரத்தில் குதித்து மாண்டவன். இவனுக்கு ஒரு விருது கொடுக்கலாமா என்று யோசித்துவிட்டு, வேண்டாம் என்று விடுகிறான் வின்ஸ்டன். கொடுத்தால் மற்றக் கோப்புகளிலும் அதைச் சேர்க்க வேண்டிவருமே! செய்தி மேசையில் உட்கார்ந்த யாரும் அந்த வரியில் தங்களைப் பார்ப்பார்கள். பொய்யைக்கூடப் பிசிறில்லாமல் செய்ய நினைக்கும் தொழில் சுத்தம் அது. வாழ்க்கையில் அவனுக்குப் பெரிய சந்தோஷமே இந்த வேலைதான் என்று ஆர்வெல் எழுதியிருக்கிறார். பேரரசின் தறி ஓடுவது கொடுங்கோலனின் கையால் அல்ல. நல்ல வாக்கியம் எழுதத் தெரிந்த, களைத்துப்போன குமாஸ்தாக்களின் கையால்.

அந்தத் தறியில் நம் ஊரும் ஓர் இழை. டெலிஸ்கிரீனில் எக்காளம் முழங்க வருகிறது செய்தி: மலபார் போர்முனை, தென்னிந்தியாவில் மாபெரும் வெற்றி. அதன் வாலிலேயே இன்னொன்று: சாக்லேட் பங்கீடு 30 கிராமிலிருந்து 20 ஆகக் குறைகிறது. ஒருநாள்கூடக் கழிவதற்குள், பங்கீட்டை 20 கிராமாக உயர்த்தியதற்கு நன்றி சொல்லி ஊர்வலம் போகிறது. நம் மண்ணில் கிடக்கும் பிணங்கள் லண்டனில் பத்து கிராம் சாக்லேட்டை மறைக்கும் திரை. மாணவனாகப் படித்தபோது ஊர்ப்பெயரைக் கண்டு பூரித்த அதே பக்கம் இன்று வயிற்றைக் கலக்குகிறது.

இதெல்லாம் ஆர்வெல் உட்கார்ந்த இடத்தில் கற்றவை. 1941 ஆகஸ்ட் முதல் 1943 நவம்பர் வரை பிபிசியின் கீழைப் பிரிவில் இந்திய நேயர்களுக்காக வேலை பார்த்தார். அவர் எழுதிய வாரச் செய்தி மடல்கள் மொழிபெயர்க்கப்பட்ட மொழிகளில் தமிழும் ஒன்று. 1942 ஏப்ரலில் கொழும்பில் ஜப்பானியக் குண்டு விழுந்து, சென்னையில் சனங்கள் மூட்டை கட்டிக் கிளம்பிய காலம் அது. ஒவ்வொரு பிரதியும் தணிக்கை முத்திரை வாங்கித்தான் ஒலிபரப்புக்குப் போகும். தன் சொந்தக் கருத்துக்கு மாறாக எதையும் சொல்லும்படி அங்கே யாரும் கட்டாயப்படுத்தவில்லை என்று ராஜினாமா கடிதத்தில் அவரே எழுதினார். அந்த நேர்மையை மதிக்கிறேன். ஆனாலும் முத்திரைக்குக் காத்திருந்து எழுதிய கைதான் வின்ஸ்டனை எழுதியது. அந்தக் கை இல்லாமல் விருதுக் கணக்கு வந்திருக்காது.

ஈய எழுத்துக் காலத்தில் ஒரு சொல்லை மாற்றினால் பத்தியே ஓடும், அச்சுக்கோப்பவர் முறைப்பார். இதழ் வேனில் ஏறிவிட்டால் பிரம்மாவாலும் மாற்ற முடியாது. மறுநாள் ‘திருத்தம்’ என்று கட்டம் கட்டிப் போடுவோம். தவறும் திருத்தமும் ஒரே பைண்டுக்குள் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும். அச்சேறியதை அழிப்பதில் சோவியத் கலைக்களஞ்சியமே தோற்றது. ஸ்டாலினின் ரகசியப் போலீஸ் தலைவராக இருந்த பெரியா 1953 டிசம்பரில் சுட்டுக்கொல்லப்பட்ட பின், அவரைப் பற்றிய பக்கங்களை வெட்டிவிட்டு இவற்றை ஒட்டுங்கள் என்று சந்தாதாரர்களுக்கு பெரிங் கடல் பற்றிய பக்கங்கள் அனுப்பினார்கள். எல்லாரும் கத்தரியை எடுக்கவில்லை.

இன்று இணையதளத்தில் காலையில் ஒரு தலைப்பு, மதியம் வேறு தலைப்பு. உலையும் வேண்டாம், கத்தரியும் வேண்டாம். ‘புதுப்பிக்கப்பட்டது’ என்று ஒரு நேரம் மட்டும் நிற்கிறது. என்னோடு வேலை பார்த்த பிள்ளைகள் சிலர் இப்போது அந்த மேசைகளில் இருக்கிறார்கள். எந்த வரியை, எத்தனை மணிக்கு, ஏன் மாற்றினீர்கள் என்று செய்திக்குக் கீழேயே எழுதுங்கள், பழைய தலைப்பையும் விட்டுவையுங்கள் என்று பார்க்கும்போதெல்லாம் சொல்கிறேன். ஒருவர் செய்யத் தொடங்கியிருக்கிறார். மற்றவர்கள், “நல்ல யோசனைதான் சார், ஆனா வேலை கூடிடும்” என்கிறார்கள். கூடட்டும் என்றுதான் மறுபடியும் சொல்லிவிட்டு வருகிறேன்.