அசரீரி சொல்லக் கேட்டு உண்பவர்

புராண காலத்தில் அசரீரி என்பது அபூர்வ சம்பவம். கம்சனைப் போன்ற ஓர் அரசனுக்கு, அதுவும் தங்கையின் கல்யாண ரதத்தைத் தானே ஓட்டிக்கொண்டு போகிற சமயத்தில், ஆயுளில் ஒரே ஒரு முறை ஆகாயத்திலிருந்து ஒரு வாக்கு எழுந்தது. எழுந்த வாக்கும் காதுக்கு இனியதாக இல்லை. இக்காலத்திலோ, சொற்பமான ஒரு தொகையைச் செல்போன் வழியே செலுத்திவிட்ட எவருடைய காதுக்குள்ளும் அசரீரி வந்து அமர்ந்துகொண்டு, இடப்புறம் திரும்பு, இருபது அடி நட, அதோ அந்தப் பணியாரச் சட்டியை உற்றுப் பார் என்று பொழுது சாய்கிற வரையில் பேசிக்கொண்டே இருக்கிறது. அந்த வாக்கைச் சிரமேற்கொண்டு, புராதன நகரமாகிய மதுரையின் வீதியோரத் தின்பண்டங்களை ஆராய்வதற்குப் புறப்பட்டிருக்கும் மகானுபாவர் ஒருவரையே இங்கே அறிமுகம் செய்து வைக்க விரும்புகிறேன்.

இவரை அடையாளம் காண்பது சிரமமல்ல. மாசி வீதியில் ஜனசமுத்திரம் இரு திசையிலும் பெருகி, ஷேர் ஆட்டோவும் தள்ளுவண்டியும் இரு சக்கர வாகனங்களும் ஒன்றையொன்று உரசிக்கொண்டு போகும் சாயங்கால வேளையில், நட்டநடுவில் ஒருவர் திடீரென்று ஸ்தம்பித்து நிற்பார், பூட்டிக் கிடக்கும் இரும்புக் கதவு ஒன்றைப் பார்த்து மந்தஹாசம் புரிவார், யாரும் ஒன்றும் சொல்லாதபோது "அப்படியா!" என்பார். "அங்குட்டு ஒதுங்குங்கண்ணே, வண்டி வருதுல்ல!" என்று பின்னாலிருந்து எழும் கூக்குரல் இவரை எட்டுவதில்லை, ஏனெனில் இரு செவிகளிலும் இயர்போனை அடைத்துக்கொண்டு இவர் அந்த நிமிஷத்தில் வசிப்பது திருமலை நாயக்கரின் ராஜ்யத்தில். ஓய்வுபெற்ற உத்தியோகஸ்தராகவும் இருக்கலாம், முந்தாநாள் சம்பளம் வாங்கிய இளைஞராகவும் இருக்கலாம். இந்த ஜாதிக்கு இலக்கணம் வயதன்று, காது. நான் வர்ணிக்கப் போகிறவர் ஐம்பதைத் தாண்டியவர், சென்னைவாசி, சகதர்மிணி சமேதராக வந்திருப்பவர். அந்த அம்மாளின் காதில் தோட்டைத் தவிர வேறொன்றும் இல்லை என்பதை இப்போதே சொல்லி வைக்கிறேன்.

மனிதர்கள் வழிகாட்டுவதில் இவருக்குச் சம்மதம் இல்லை. அதற்குத் தக்க நியாயமும் இருக்கிறது. கோவிலுக்கு எதிரே, "மேலேருந்து பாத்தா நாலு கோபுரமும் தெரியும், வாங்க சார், காசே வேண்டாம்" என்று மொட்டை மாடிக்கு அழைத்துப் போகிற நண்பர், இறங்கி வருகிற படிக்கட்டைக் கம்பளக் கடைக்குள் கொண்டுபோய் முடித்துவிடுவது பிரசித்தம். அசரீரி அப்படிச் செய்வதில்லை, பேட்டா கேட்பதில்லை, வெற்றிலைச் சாறு தெறிப்பதில்லை, வாய் மூடு என்றால் மூடிக்கொள்கிறது. இத்தனை சற்குணங்கள் பொருந்திய ஒரு வழிகாட்டி அமைந்துவிட்ட பிற்பாடு, ஊர்க்காரர்களிடம் பேசுவது அனாவசியம் என்பது இவருடைய தீர்மானமான அபிப்பிராயம்.

யாத்திரை மேல மாசி வீதியில் ஆரம்பமாயிற்று. ரயில் நிலையத்துப் பக்கத்துக் கடை ஒன்றில் நெய் சொட்டும் கோதுமை அல்வாவை வாழையிலைத் துண்டில் வைத்துக் கொடுத்தார்கள். அசரீரி அனுமதி தரும்வரை வாயில் இடலாகாது என்று அதைக் கையில் ஏந்தியபடியே இவர் நடந்தார். நடந்து வந்து நின்ற இடமோ, 1921-ஆம் வருஷம் செப்டம்பர் 22-ஆம் தேதி காந்தியடிகள் தம் உடையைத் துறந்து அரையாடைக்கு மாறிய வீடு. அசரீரி குரலைத் தழைத்துக்கொண்டு ஏழை ஜனங்களின் வறுமையைப் பற்றிப் பேசத் தொடங்கவே, இவருக்குக் கையிலிருந்த அல்வா பெரும் அபசாரமாகத் தோன்றிற்று. மெல்ல அதை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார். முதுகுக்குப் பின்னால் சகதர்மிணி நின்றுகொண்டிருந்தாள். தியாகத்தின் மகிமை பூர்த்தியானபோது இலை மட்டுமே இருந்தது.

மதுரையின் அமைப்பு இந்த மாதிரி யாத்திரைக்கு அனுகூலமானது என்றே எவரும் நினைப்பார்கள். கோவிலை நடுவில் வைத்து ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி என்று மாதங்களின் பெயரால் வீதிகள் ஒன்றையொன்று சுற்றிக்கொண்டு கிடக்கின்றன. அவற்றுக்கு அப்பால் வெளி வீதி. ஆனால் ஒவ்வொரு பெயருக்கும் கிழக்கு, மேற்கு, வடக்கு, தெற்கு என்று நான்கு வீதிகள் இருப்பதும், வானத்துச் செயற்கைக்கோள்களை விசாரித்துத் தன் இருப்பிடத்தை ஊகிக்கும் செல்போன், உயர்ந்த கட்டடங்களுக்கு நடுவே அகப்பட்டுக்கொண்டால் ஒரு சந்து முன்னே பின்னே ஊகித்துவிடுவதும் சேர்ந்துகொண்டு விபரீதங்களை விளைவிக்கின்றன. "இப்போது கண்ணை மூடிக்கொள்ளுங்கள், பணியாரத்தின் மணம் உங்களைத் தழுவுகிறதா?" என்று அசரீரி வினவியபோது, இவர் எவர்சில்வர் பாத்திரக் கடை ஒன்றின் வாசலில் கண்ணை மூடி, நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து, தழுவுகிறது என்பதற்கு அறிகுறியாகத் தலையையும் அசைத்தார். கடைப் பையன் குக்கர் வேண்டுமா என்று கேட்டான்.

கோவிலின் கீழைக் கோபுரத்துக்கு எதிரே புதுமண்டபம் இருக்கிறது. நாயக்கர் கட்டிய அந்தக் கல்மண்டபத்தில், யாளிகளுக்கும் ராஜவிக்கிரகங்களுக்கும் நடுவே தையற்காரர்கள் இயந்திரங்களை வைத்துக்கொண்டு வெகுகாலம் தைத்துக்கொண்டிருந்தார்கள். கோவிலுக்குள் போய் அரைமணி கழித்து வருவதற்குள் சட்டை தயாராகிவிடும். இப்போது அந்தக் கடைகளை அப்புறப்படுத்திக் குன்னத்தூர் சத்திரத்துக்கு மாற்றிவிட்டார்கள். அசரீரிக்கு இந்தச் செய்தி தெரியாது. அது பேசிப் பதிவான நாளில் தையற்காரர்கள் இருந்தார்கள். "தையல் இயந்திரங்களின் சங்கீதத்தைக் கேளுங்கள்" என்று சொல்லி, பதிவு செய்து வைத்திருந்த கடகட ஓசையையும் காதுக்குள் எழுப்பிற்று. ஆளரவமற்ற தூண்களைப் பார்த்தபடி இவர் அந்த ஓசையைப் பரிபூரணமாக ரசித்தார். "என்னங்க, இங்க யாரையுமே காணோமே?" என்ற சகதர்மிணிக்கு, உதட்டின்மேல் விரலை வைத்துக் காட்டியதே பதிலாயிற்று.

ஆவணி மூல வீதியில் அசரீரி, வந்தியின் கதையைச் சொல்லிற்று. அது நன்றாகவே சொல்லிற்று என்பதை நான் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். வைகையின் கரையை அடைக்கத் தன் பங்குக்கு ஆள் அனுப்ப வகையற்ற, பிட்டு விற்றுப் பிழைத்த கிழவிக்காகச் சோமசுந்தரக் கடவுளே கூலியாளாகி வந்து, உதிர்ந்த பிட்டைக் கூலியாகப் பெற்று, ஆடிப் பாடி, வேலையைக் கெடுத்து, பாண்டியனுடைய பிரம்படியும் பட்டார். அந்த லீலையை ஆவணி மூலத்தன்று இன்றைக்கும் உற்சவமாகக் கொண்டாடுகிறார்கள். வீதியோரத்தில் தின்பண்டம் விற்கிற தொழிலுக்கு இதைவிடக் கௌரவமான சாட்சியம் வேறெந்த ஊர் காட்ட முடியும்? ஆனால் பரமசிவன் அந்தப் பிட்டை உண்ணும்போது அதன் பூர்வ சரித்திரத்தை எவரும் அவர் காதில் ஓதவில்லை என்பதும், பிட்டு சூடாக இருக்கும்போதே அவர் உண்டார் என்பதும் கவனிக்கத் தக்கவை.

நம்மவருடைய விரதத்தின் பூரண ஸ்வரூபத்தைக் காண வேண்டுமானால் பருத்திப்பால் வண்டிக்கு வர வேண்டும். பருத்திக்கொட்டையை ஊறவைத்து ஆட்டிப் பிழிந்த பாலில், பச்சரிசி மாவும் கருப்பட்டியும் சேர்த்துக் காய்ச்சி, சுக்கும் ஏலமும் தட்டிப் போட்டுத் தேங்காய்த் துருவலோடு தருகிற அந்தப் பானம், பித்தளை அண்டாவிலிருந்து அகப்பையால் மொண்டு ஊற்றிய சூட்டில் குடிக்கப்பட வேண்டியது. ஆறினால் கெட்டியாகிக் கூழோடு உறவு கொண்டாடும். தம்ளர் கைக்கு வந்தது. அசரீரி, "இதில் என்னென்ன சேர்கிறது என்று விற்பவரிடம் கேளுங்கள்" என்றது. இவர் மிக்க சிரத்தையோடு, தம் குரலின் அளவு தமக்கே தெரியாதாகையால் வீதி முழுவதும் திரும்பிப் பார்க்கும்படி, "இதில் என்னென்ன சேர்கிறது?" என்று கேட்டார். வண்டிக்காரர் அகப்பையைக் கீழே வைத்துவிட்டு, தம் தகப்பனார் காலத்தில் எப்படிச் செய்தார்கள், தாம் கருப்பட்டியை எங்கிருந்து வரவழைக்கிறார், மில் பருத்திக்கொட்டைக்கும் நாட்டுப் பருத்திக்கொட்டைக்கும் என்ன தாரதம்மியம் என்பதையெல்லாம் விஸ்தாரமாகச் சொன்னார். அந்த நேரம் முழுவதும் அசரீரியும் தன் பட்டியலைச் சொல்லிக்கொண்டிருந்தபடியால், வண்டிக்காரரின் உதடுகள் அசைவதை மட்டும் பார்த்து, அவை அசரீரியோடு பொருந்துகின்றன என்று இவர் திருப்தியடைந்தார். கருப்பட்டி விஷயம் முழுவதையும் சகதர்மிணி கேட்டுக்கொண்டாள். "ஆறுதுண்ணே, குடிங்க" என்று வண்டிக்காரர் சொன்னதையும் அவள்தான் கேட்டாள்.

செவிக்கு முதற்பந்தி, வயிற்றுக்கு மறுபந்தி என்ற முறையை வள்ளுவரே விதித்திருக்கிறார் என்று இவர் சாதிக்கக்கூடும். ஆனால் கையில் சுடச்சுடத் தம்ளர் இருக்கும்போது அந்த விதியை அனுஷ்டிக்கும்படி அப்பெருந்தகை சொன்னதாகத் தெரியவில்லை.

அசரீரியின்மீது எனக்கு விரோதம் ஒன்றும் கிடையாது. விளக்குத்தூண், விளக்குத்தூண் என்று நாளெல்லாம் பஸ்ஸுக்கும் ஆட்டோவுக்கும் அடையாளம் சொல்கிற நம் மதுரைக்காரர்களை நிறுத்தி, அந்த விளக்கு யாருடையது என்று கேட்டால், ஜவுளிக்கடைக்காரர்கள் வைத்தது என்று சொல்வார் உண்டு. கோட்டை மதிலை இடித்து, அகழியைத் தூர்த்து, நெருக்குண்டு கிடந்த ஊர் மூச்சு விடும்படி செய்த கலெக்டர் பிளாக்பர்னுக்கு நன்றியறிதலாக 1847-இல் எழுந்த தூண் அது என்பதையும், அந்த வேலையில் பங்குகொண்டவர்களின் பெயர்கள்தாம் இன்று மாரட் வீதியாகவும் பெருமாள் மேஸ்திரி வீதியாகவும் நிற்கின்றன என்பதையும் அசரீரி சுருக்கமாகவும் அழகாகவும் எடுத்துரைக்கிறது. துரை ஒருவர் விளக்குக் கம்பமாக மாறி, அதன் அருகில் ஜிகர்தண்டா விற்கப்படும் விந்தையை எண்ணி எண்ணி மகிழலாம். நம்மவரின் குறை கேட்பதில் இல்லை. கேட்டது போதும் என்று நிறுத்தத் தெரியாததில் இருக்கிறது.

ஜிகர்தண்டாவுக்கு வருவோம். கண்ணாடித் தம்ளரின் அடியில் கடல்பாசி, அதன்மேல் நன்னாரி சர்பத், அதன்மேல் சுண்டக் காய்ச்சிக் குளிரவைத்த பால், சிகரத்தில் ஐஸ்கிரீம். அடியில் இருக்க வேண்டியது கடல்பாசியா, பாதாம் பிசினா என்ற விஷயத்தில் ஊரில் இரண்டு கட்சிகள் உண்டு. அசரீரி பாரபட்சமின்றி இரு கட்சியாரின் வாதங்களையும் எடுத்து ஓதிற்று. வாதம் முற்ற முற்ற ஐஸ்கிரீம் இளகி, சரிந்து, தன் தனித்துவத்தை இழந்து, பாலோடு இரண்டறக் கலந்து அத்வைத நிலையை அடைந்தது. அதன் பிறகே இவர் உறிஞ்சினார். உறிஞ்சிவிட்டு, "குளிர்ச்சி சற்றுக் குறைவு" என்று குறிப்பெடுத்துக்கொண்டார். கோவில் தேர் எந்த மாதத்தில் ஓடும் என்பதைக் கடைக்காரருக்குப் போதிக்கவும் செய்தார். மாசி வீதியாகையால் மாசியில் தேர் ஓடும் என்பது இவர் கட்சி. "சித்திரையிலதான்ணே ஓடும், இதே வீதியிலதான். நாயக்கரு அப்பவே திருவிழாவை மாத்திட்டாருல்ல" என்றார் அவர். இவர் அனுதாபத்தோடு தலையசைத்தார்.

திருமலை நாயக்கர் மகாலுக்கு அருகில், சௌராஷ்டிரர் குடியிருக்கும் தெரு ஒன்றில் முள்ளுமுருங்கை வடை போடுகிறார்கள். பெயர்தான் வடை, ஊறவைத்த அரிசியோடு கல்யாண முருங்கை இலையை அரைத்துத் தட்டி எண்ணெயில் விட்டால், பச்சைப் பசேலென்று பூரியாக உப்பி எழுகிறது, எடுத்து வடித்துக் காரப்பொடி தூவித் தாளில் வைத்துத் தருகிறார்கள். அடுப்பைச் சுற்றி ஒரு பெருங்கூட்டம்; பள்ளிக்கூடப் பிள்ளைகள், தறியிலிருந்து எழுந்து வந்தவர்கள், தூக்குவாளியோடு ஒரு பாட்டி. ஆனால் அந்த அடுப்பு அசரீரியின் பட்டியலில் இல்லை. பட்டியலில் இருந்த கடை நாலு வீடு தள்ளி, கதவடைத்து, செல்போன் ரீசார்ஜ் கடையாக உருமாறியிருந்தது. நம்மவர் அந்த ரீசார்ஜ் கடையின் முன்னால் நின்று, வடையின் மருத்துவ குணங்களையும் சளிக்கு அது செய்யும் உபகாரத்தையும் ஆதியோடந்தமாகக் கேட்டு முடித்தார்.

"இன்னும் ரெண்டு போடவாக்கா? சாருக்கு?" என்று அடுப்பருகிலிருந்த அம்மாள் கேட்டாள்.

"அவருக்கு வேண்டாம்மா. அவர் கேட்டுக்கிட்டு இருக்கார்" என்றாள் சகதர்மிணி. அதற்குள் அவளுக்கு அந்த அம்மாளின் மூத்த மகளுக்கு எந்த மாதம் பிரசவம் என்பது வரையில் தெரிந்திருந்தது. இலையை எத்தனை அரிசிக்கு எத்தனை பிடி போட வேண்டும் என்பதும் முந்தானை முடிச்சில் இருந்தது.

யாத்திரை சுபமாக நிறைவேறிற்று. அறைக்குத் திரும்பிய இவர், கட்டிலில் சாய்ந்துகொண்டு, அசரீரிக்கு ஐந்துக்கு நாலு நட்சத்திரம் வழங்கினார். சற்று வேகமாகப் பேசுகிறது என்று ஒரு நட்சத்திரத்தைக் கழித்துக்கொண்டார். அப்புறம்தான் வயிறு தன் விண்ணப்பத்தைச் சமர்ப்பித்தது. மணி பதினொன்றைத் தாண்டியிருந்தாலும் தூங்கா நகரத்தில் அது ஒரு பொருட்டல்ல. கீழே, தெருமுனையில், இரும்புக் கல்லின்மேல் கொத்து பரோட்டா தாளம் தப்பாமல் முழங்கிக்கொண்டிருந்தது. ஓசை அதிகமாக இருக்கிறதென்று இவர் காதில் கை வைத்து இயர்போனைத் தேடினார். அது மேஜைமேல் இருந்தது.

இருவரும் இறங்கிப் போய் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். இலை விழுந்தது, பரோட்டா விழுந்தது, "சால்னா ஊத்தவாண்ணே?" என்று கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திராமல் பையன் ஊற்றிவிட்டுப் போனான். ஆவி பறந்தது. இவர் இரு கைகளையும் மடிமேல் வைத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தார்.

"சாப்பிடுங்க" என்றாள் சகதர்மிணி. "இன்னும் யாரு வந்து சொல்லணும்?"