படத்துக்கு ஒரு ஊர்க்காரன்

போன மாதம் வரை வடசென்னைக்காரனாக இருந்தான். நேற்று குவீன் ஸ்திரீட் மாரியம்மன் கோயில் வாசலில் பார்த்தால் திருநெல்வேலிக்காரன் ஆகியிருந்தான்.

“என்னலே அண்ணாச்சி, சௌக்கியமா?”

அண்ணாச்சிக்கு ‘லே’ போடக்கூடாது என்று அவனுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. படத்தில் அந்த இடத்தில் பின்னணி இசை சத்தமாக இருந்திருக்கும்.

பெயர் எதற்கு? தம்பி என்றே வைத்துக்கொள்வோம். பினாங்கு ஜோர்ஜ்டவுனில் லோரோங்குக்கு, அதாவது சந்துக்கு, ஒருவன் இருக்கிறான். பிறந்தது பட்டர்வொர்த். படித்தது மலாய்ப் பள்ளி. வேலை பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் இரவு ஷிப்டு. தமிழ்நாட்டுப் பக்கம் தலைவைத்துப் படுத்ததில்லை. ஆனால் அவன் நாக்கு அங்கே போகாத மாவட்டம் இல்லை. 2018-ல் ‘வடசென்னை’ வந்தது, வீட்டில் ‘இன்னா’ என்றான். மறு ஆண்டு ‘அசுரன்’, கோவில்பட்டிக்குக் குடிபெயர்ந்தான். 2021-ல் கொரோனா திரையரங்கைப் பூட்டியபோது ‘சார்பட்டா பரம்பரை’ அமேசான் வழியாகக் கைப்பேசிக்கே வந்து சேர்ந்தது. மறுபடியும் வடசென்னை, கூடவே குத்துச்சண்டைக் கையுறை ஒரு ஜோடி. அது இப்போது கதவு சாத்தாமலிருக்க முட்டுக்கொடுக்கிறது.

“பசியாறிட்டியாடா?” என்று அம்மா கேட்கும் சாதாரணக் கேள்விக்கு எந்த ஜில்லாவிலிருந்து பதில் வரும் என்று அந்த அம்மாவுக்கே தெரியாது.

“இது எந்த ஊருப் பேச்சுடா? நாம பட்டர்வொர்த்துலா!” என்பார்.

முடிவெட்டும் கடையில் நடந்ததைச் சொல்கிறேன். நான் பெஞ்சில் உட்கார்ந்து பழைய நாளிதழைப் புரட்டிக்கொண்டிருந்தேன். தம்பி நாற்காலியில் ஏறி, கைப்பேசியில் ஒரு நாயகனின் தலையைக் காட்டினான்.

“அண்ணே, சும்மா தெறிக்கணும். நம்ம மதுரக்காரய்ங்க மாதிரி.”

முடிவெட்டுபவரின் கத்தரி அந்தரத்தில் நின்றது. அவருக்குச் சொந்த ஊர் திருமங்கலம். பெர்மிட்டில் வந்து மூன்று வருஷம்தான் ஆகிறது. நிஜமான மதுரைக்காரர் கண்ணாடியில் தம்பியை ஏற இறங்கப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

“போலே, பொஸ். சைடு நிப்பிஸ் பண்ணிடவா?”

மதுரை மலாய் கலந்து பினாங்காகப் பேச, பினாங்கு மதுரையாகப் பேச, இருவருக்கும் எல்லாம் புரிந்தது. பதினைந்து வெள்ளி கைமாறியது. எனக்குத்தான் கொஞ்ச நேரம் எந்த ஊரில் இருக்கிறேன் என்று குழப்பமாக இருந்தது.

தம்பியின் வாழ்வில் பொற்காலம் 2016 ஜூலை. ‘கபாலி’. ரஜினிகாந்த் மலேசியத் தமிழராகவே நடித்த படம். ஏர்ஏசியா ஒரு விமானத்தில் அவர் படத்தைத் தீட்டிப் பறக்கவிட்டது. தம்பிக்கு அப்போது ஒரு விசித்திரமான நிலைமை: தன் ஊர்க்காரனையே காப்பியடிக்க வேண்டும். அடித்தான். கோட்டு, சூட்டு, வெயிஸ்ட்கோட்டு. பினாங்கு வெயிலைப் பற்றித் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை: இங்கே காலையில் காயப்போட்ட துண்டு மாலையில் ஈரமாகக் கிடைக்கும். அந்த வெயிலில், நண்பகலில், கொம்தார் படிக்கட்டில் மூன்று துண்டுக் கோட்டோடு உட்கார்ந்து, பிளாஸ்டிக் பையில் கட்டிய தே ஐஸை உறிஞ்சிக்கொண்டிருந்தான். முகத்தில் கம்பீரம், முதுகில் ஆறு.

அந்தப் படத்தின் முடிவைத் தமிழ்நாட்டில் ரசிகரின் ஊகத்துக்கு விட்டார்கள். மலேசியாவில் மட்டும், கபாலி போலீசில் சரணடைந்தார் என்று எழுத்துப் போட்டு முடித்தார்கள். தம்பி சரணடையவில்லை. கோட்டுக்கு இன்னும் நான்கு மாதத் தவணை பாக்கி இருந்தது.

கோட்டு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், “என் ஸ்டைல்ணே” என்பான். கடைத்தெருவில் துணிக்கடை வைத்திருக்கும் முதலாளி ஒருவரைக் கேட்டுப் பாருங்கள். முன்னோட்டம் வெளியான அன்றே அவர் அதை நாலைந்து முறை ஓடவிடுவார். நாயகன் முகத்தைப் பார்க்க மாட்டார். காலரைப் பார்ப்பார், பட்டனை எண்ணுவார், துணி காட்டனா கலப்பா என்று கண்ணைச் சுருக்குவார். படம் வருவதற்குள் சட்டை வந்திறங்கிவிடும். தம்பி ‘தேர்ந்தெடுக்க’ வரும்போது அவன் அளவு மேல் தட்டில் தயாராக இருக்கும்.

இன்னொரு வேடிக்கை. பாயான் லெப்பாஸ் லேசுப்பட்ட இடமில்லை. இன்டெல் தன் முதல் வெளிநாட்டு ஆலையை 1972-ல் திறந்தது அங்கேதான். தம்பி இரவெல்லாம் கண்விழித்துச் சில்லுகளைச் சோதிக்கிறான். அவனைப் போன்றவர்கள் கைபட்ட சில்லுகள் எங்கெங்கோ போய், பகலில் அவன் கைக்குள் உட்கார்ந்துகொண்டு, எந்தச் சட்டை வாங்க வேண்டும் என்று அவனுக்கே சொல்கின்றன. சம்பளம் ஒரு கையில், செலவு மறு கையில்.

2025 டிசம்பர் 27-ஆம் தேதி விஜய்யின் ‘ஜனநாயகன்’ இசை விழா புக்கிட் ஜாலில் அரங்கத்தில். கோலாலம்பூருக்குப் பஸ், டிக்கெட், சட்டை, கழுத்துத் துண்டு. அக்காள் மகள் காதுகுத்துக்கு மட்டும் அவனுக்கு ஷிப்டு மாற்றக் கிடைக்கவில்லை, இதற்குக் கிடைத்தது.

சிரிக்கிறேனே தவிர, எனக்கு யோக்கியதை கிடையாது. எண்பதுகளில் நாயகர்கள் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு பாடினார்கள் அல்லவா, அப்போது ஒரு மஞ்சள் ஸ்வெட்டர் வாங்கினவன் நான். கீழே வெயிலில் போட முடியாமல், அதைப் போடுவதற்காகவே ரயிலேறிக் கொடிமலை உச்சிக்குப் போனேன். மேலேயும் வியர்த்தது.

அதோடு, இவன் மேல் முழுசாகக் கோபப்படவும் முடியவில்லை. மலாய்ப் பள்ளியில் படித்தவன். தமிழ் எழுத்தை யாரும் உட்கார்த்திச் சொல்லித் தரவில்லை. போன தீபாவளிக்கு ஒரு பட விளம்பரத்தின் முன் நின்று, உதடு அசைய, எழுத்து எழுத்தாகக் கூட்டி இயக்குநர் பெயர் வரை படித்துக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்ததும் வெட்கப்பட்டு, “சும்மா பாத்தேண்ணே” என்றான். அது மட்டும் சுத்தமான பட்டர்வொர்த் தமிழ்.

அவன் அம்மாவுக்கு ஒரே ஒரு குறைதான். கோயிலில் என்னை நிறுத்தி மெல்லக் கேட்டார்: “அண்ணே, கோயம்புத்தூர்ப் பக்கம் பெத்தவள ‘ஏனுங்க’னு மரியாதையா கூப்பிடுவாங்களாமே. அந்த ஊருப் படம் எப்பண்ணே வரும்?”

சென்னையில் இயக்குநர் யாராவது இதைப் படித்தால், பெரிய நாயகனை வைத்து ஒரு கொங்கு நாட்டுப் படம் எடுங்கள். தீபாவளிக்கு வந்தால் நல்லது. கோட்டு மட்டும் வேண்டாம்.