நான்தான் நான்: அயல்நாட்டுப் பிரமாணப் பத்திரம் குறித்து ஓர் ஆய்வு

பாஸ்போர்ட்டைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவை பெரும்பாலும் பயணக் கட்டுரைகள். எடுத்த எடுப்பிலேயே விமான நிலையத்தில் போய் இறங்கிவிடுபவை. அதற்கு முந்தைய கட்டம் ஒன்று உண்டு. நோட்டரி இருக்கும் பார்சல் கடைக் கவுண்டரில், ஒட்டுநாடா உருளைகளுக்கும் பிறந்தநாள் வாழ்த்து அட்டைகளுக்கும் நடுவே, நாற்பது வயது மனிதர் ஒருவர் வலக்கையைத் தூக்கி 'நான்தான் நான்' என்று சத்தியம் செய்கிற கட்டம். கல்வெட்டுக்கும் கருவாட்டுக்கும் ஆய்வேடு எழுதிவிட்ட சமூகம் இதற்கு ஒரு பக்கம்கூட ஒதுக்கவில்லை என்பது இவ்வாய்வாளரை நெடுநாளாக உறுத்திவந்தது.

ஆய்வுக்களம் கலிஃபோர்னியா மாநிலத்தின் சாண்டா கிளாரா கவுண்டி, குறிப்பாக சன்னிவேல். ஆய்வுக்கு உட்பட்டோர், சான் ஃபிரான்சிஸ்கோ துணைத் தூதரகத்தின் எல்லைக்குள் வாழும் இந்தியக் குடிமக்கள். அவர்களுள்ளும் இனிஷியல் உடையோர்.

சட்டப் பின்புலத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், எப்படியும் இந்தப் பத்தியைத் தாண்டித்தான் எல்லாரும் போவார்கள். பாஸ்போர்ட் சட்டம் 1967ஆம் ஆண்டுக்குரியது, விதிகள் 1980. விதிகளின் வாலாகப் பின்னிணைப்புகள் என்ற பெயரில் உறுதிமொழிப் படிவங்கள் வந்தன. 2016 டிசம்பரில் வெளியுறவு அமைச்சகம் அவற்றை 15இலிருந்து 9ஆகக் குறைத்தது. இனி இவற்றுக்கு நோட்டரியும் வேண்டாம், மாஜிஸ்திரேட்டும் வேண்டாம், வெள்ளைத்தாளில் நீங்களே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால் போதும் என்றும் அறிவித்தது. அன்றோடு விருதுநகர்க்காரர் நோட்டரியிடமிருந்து விடுதலை பெற்றார். சன்னிவேல்காரர் பெறவில்லை. அமெரிக்க விண்ணப்ப மையத்தின் சரிபார்ப்புப் பட்டியலில், குழந்தைக்குப் பெற்றோர் தரும் சம்மதத்திலும் தோற்றம் மாறியதற்கான பத்திரத்திலும் நோட்டரி சம்மணமிட்டு உட்கார்ந்திருக்கிறார்.

இதிலிருந்து கிடைக்கும் முதல் கருதுகோள்: குடிமகனின் சொல்லுக்குள்ள மதிப்பு, டெல்லிக்கும் அவனுக்கும் இடையிலான தூரத்துக்கு எதிர்விகிதத்தில் அமையும். மறுதரப்பு வாதத்தையும் பதிவு செய்வது ஆய்வு நேர்மை. விருதுநகர்க்காரரின் வீட்டுக்கு ஏட்டையா வருவார், எதிர்வீட்டில் விசாரிப்பார், திண்ணையில் உட்கார்ந்து காபி குடிப்பார். சன்னிவேல் அடுக்ககத்துக்கு எந்த ஏட்டையாவையும் அனுப்ப முடியாது. அனுப்பினாலும் எதிர்வீட்டுக்காரருக்கு இவர் யாரென்றே தெரியாது. ஆகவே நோட்டரி என்பவர் கடல் கடந்த ஏட்டையா என்பது அவர்கள் கட்சி. இங்கே காபிக்குப் பதில் ஒரு கையெழுத்துக்கு 15 டாலர். கலிஃபோர்னியா சட்டம் வைத்திருக்கும் உச்சவரம்பு அதுதான். குழந்தையின் படிவத்தில் அப்பாவும் அம்மாவும் கையெழுத்திட வேண்டுமென்பதால் 30.

பத்திர வகைகளுள் ஆய்வாளரின் நெஞ்சைக் கவர்ந்தது தோற்ற மாற்றப் பத்திரம். பெரியவர்களின் பாஸ்போர்ட் 10 ஆண்டு செல்லும். பத்தாண்டுக்கு முன் மதுரை ஸ்டுடியோவில் எடுத்த படத்தில் கருகருவென்ற மீசை, படிய வாரிய தலை, ஒட்டிய கன்னம். இன்றைய படத்தில் மீசை இல்லை, தலைமுடி பெயரளவுக்கு இருக்கிறது, கன்னம் மட்டும் நன்றாக வளர்ந்திருக்கிறது. 'எனது தோற்றம் மாறிவிட்டது, ஆயினும் இருவரும் ஒருவரே' என்று அவர் பிரமாணம் செய்ய வேண்டும். வீட்டுக்காரம்மாவும் கண்ணாடியும் எத்தனையோ வருடமாகச் சொல்லியும் காதில் போட்டுக்கொள்ளாத ஒன்றை, காசு கொடுத்து, கை தூக்கி, அந்நியர் முன்னிலையில் ஒப்புக்கொள்ளும் இடம் அது. கையெழுத்துக்கும் இதே கதிதான். கல்லூரிக் காலக் கையெழுத்தில் இனிஷியல் இருந்தது, பெயரின் எல்லா எழுத்தும் இருந்தன, அடியில் ஒரு கோடும் கோட்டின் கீழ் இரண்டு புள்ளிகளும் இருந்தன. கடைகளில் கார்டு இயந்திரத்தின் மேல் விரலால் கிறுக்கிக் கிறுக்கி இப்போது மிஞ்சியிருப்பது கோடு மட்டுமே.

பாஸ்போர்ட் தொலைந்தவருக்கான படிவம் வேறு. எப்படித் தொலைந்தது, எப்போது தொலைந்தது என்று அது கேட்கிறது. இந்த இரண்டுக்கும் விடை தெரிந்த ஒருவர் பாஸ்போர்ட்டைத் தொலைத்திருக்கவே மாட்டார். அதை அடுத்து வரும் ஆய்வாளர்களுக்கு விடுகிறேன்.

இனி நோட்டரி. இந்தியாவில் நோட்டரிகளுக்கென்று 1952ஆம் ஆண்டுச் சட்டமும் 1956ஆம் ஆண்டு விதிகளும் உள்ளன. பொதுப் பிரிவு ஆண் வழக்கறிஞர் ஒருவர் நோட்டரி ஆகக் குறைந்தது 10 ஆண்டு தொழில் செய்திருக்க வேண்டும். கலிஃபோர்னியாவில் 6 மணி நேர வகுப்பு, ஒரு தேர்வு, 15,000 டாலருக்கு ஒரு பிணைப் பத்திரம். பதவி 4 ஆண்டுக்கு. பத்தாண்டு கோர்ட் படியேறிய நம்மவர் கட்டுக்கட்டாக வரும் தாள்களில் தலை நிமிராமல் முத்திரை குத்துவார். ஆறு மணி நேரம் படித்த சன்னிவேல் அம்மையாரோ ஓட்டுநர் உரிமத்தையும் எதிரே நிற்கும் முகத்தையும் மாற்றி மாற்றிப் பார்க்கிறார், கண்ணாடியைக் கழற்றச் சொல்கிறார், உரிம எண்ணைத் தன் பதிவேட்டில் எழுதுகிறார், அதில் ஒரு கையெழுத்தும் வாங்குகிறார். பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று மட்டும் அவர் படிப்பதில்லை. வெற்றிடம் ஏதாவது இருக்கிறதா, 'தேவையற்றதை அடிக்கவும்' என்ற இடத்தில் அடித்தாகிவிட்டதா என்று மேலோட்டமாக ஒரு பார்வை, அவ்வளவுதான்.

அது அசட்டை அல்ல, சட்டம். 2015 ஜனவரி முதல் கலிஃபோர்னிய நோட்டரிச் சான்றின் தலைப்பகுதியில் ஒரு பெட்டி அச்சிடப்பட வேண்டும். கையெழுத்திட்டவர் யார் என்பதை மட்டுமே இவர் சரிபார்த்தார். ஆவணத்தில் இருப்பது உண்மையா, சரியா, செல்லுமா என்பதையெல்லாம் பார்க்கவில்லை என்று அந்தப் பெட்டி கூறும்.

இதன் விளைவை நிதானமாக யோசிக்க வேண்டும். குடிமகன் சொல்வதை மட்டும் வைத்து அரசு நம்பாது, நோட்டரியிடம் போ என்கிறது. நோட்டரி முத்திரை குத்திவிட்டு, இதில் உள்ளது உண்மையென்று நான் சொல்லவில்லை என்று கட்டம் கட்டி எழுதித் தருகிறார். அதைப் பார்த்ததும் அரசுக்குத் திருப்தி. அப்படியானால் உண்மைக்கு யார் ஜவாப்தாரி? கையெழுத்திட்டவர்தான். பொய்த் தகவல் தந்தால் 1967ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12ஆம் பிரிவில் 2 ஆண்டு வரை சிறை, அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். வெள்ளைத்தாளில் எழுதிக் கொடுத்த விருதுநகர்க்காரருக்கும் இதே பிரிவு, இதே தண்டனை. சன்னிவேல்காரர் 15 டாலருக்கு வாங்கியது அவர்தான் அவர் என்ற ஒரே ஒரு தகவலை. அதை நிரூபிக்க அவர் நீட்டியது ஓட்டுநர் உரிமம். அந்த உரிமம் வாங்கும்போது அவர் நீட்டியது இந்தியப் பாஸ்போர்ட்.

சத்தியத்தை நம்மூரில் வேறு மாதிரி கையாண்டார்கள். அழகர்கோவிலில் பதினெட்டாம்படிக் கருப்பர் சந்நிதியில் வழக்குத் தீர்க்கச் சத்தியம் செய்யும் வழக்கம் உண்டு. அங்கே யாரும் அடையாள அட்டை கேட்டதில்லை. ஆள் யாரென்பது கருப்பருக்குத் தெரியும். அவருக்கு வேண்டியது, விஷயம் உண்மையா பொய்யா என்பதே. பொய்ச் சத்தியத்துக்கான தண்டனைக்கும் அங்கே 2 ஆண்டு என்ற வரம்பெல்லாம் கிடையாது. சன்னிவேலில் விஷயத்தை விட்டுவிட்டு ஆளைப் பிடித்துக்கொள்கிறார்கள்.

நகல் விவகாரத்துக்கு வந்தால் சிக்கல் இன்னும் முறுக்கிக்கொள்கிறது. சில ஆவணங்களுக்கு நோட்டரி சான்றளித்த நகல் வேண்டுமென்று பட்டியல்கள் கேட்கும். கலிஃபோர்னியா நோட்டரி பாஸ்போர்ட்டின் நகலுக்குச் சான்றளிக்க முடியாது. பவர் பத்திரத்தின் நகல், தன் சொந்தப் பதிவேட்டின் நகல், இவை இரண்டுக்கு மட்டுமே அவருக்கு அதிகாரம். டெக்சாஸிலும் ஃப்ளோரிடாவிலும் நோட்டரிகளின் கை இவ்வளவு கட்டப்படவில்லை. கலிஃபோர்னியாவில் இதற்குக் கண்டுபிடிக்கப்பட்ட வழி அலாதியானது. 'இது என்னிடமுள்ள மூலத்தின் உண்மையான நகல்' என்று விண்ணப்பதாரரே ஒரு தாளில் எழுதி, நோட்டரி முன் சத்தியம் செய்து கையெழுத்திட வேண்டும். நோட்டரி அந்தக் கையெழுத்துக்குச் சான்றளிப்பார். நகலையும் மூலத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுப் பார்த்த ஒரே ஆள், அந்த நகல் ஏற்கப்பட வேண்டுமென்று தவம் கிடக்கும் விண்ணப்பதாரர்.

மூலமா நகலா என்ற இந்த வழக்குக்கு மிகச் சிறந்த முன்மாதிரி, சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டில் பாடிய பெரியபுராணத்தில் இருக்கிறது. தடுத்தாட்கொண்ட புராணம் என்று பக்தர்கள் அதைப் படிக்கிறார்கள். ஆவண இயல் நோக்கில் யாரும் படித்ததாகத் தெரியவில்லை. புத்தூரில் நம்பி ஆரூரருக்குக் கல்யாணம். ஒரு கிழவர் பந்தலுக்குள் வந்து, நீ எனக்கு அடிமை, உன் பாட்டன் எழுதிக் கொடுத்த ஓலை இருக்கிறது என்கிறார். மாப்பிள்ளை ஓலையைப் பிடுங்கிக் கிழித்துப் போடுகிறார். வழக்கு திருவெண்ணெய்நல்லூர்ச் சபைக்குப் போகிறது. கிழவர் அசரவில்லை. கிழிந்தது படியோலை, மூல ஓலை என்னிடம் பத்திரமாக இருக்கிறது என்கிறார். கல்யாணப் பந்தலுக்கு ஜெராக்ஸை மட்டும் கொண்டுபோன அந்த முன்யோசனை, இன்று விண்ணப்ப மையத்துக்குப் போகிற ஒவ்வொருவருக்கும் வேண்டும்.

சபை அடுத்துச் செய்ததைப் பாருங்கள். ஓலையை வாசிக்க வைத்தது. பாட்டனார் கைப்பட எழுதிய வேறொரு ஓலையைத் தருவித்து, எழுத்தோடு எழுத்து ஒப்பிட்டது. இரண்டும் ஒத்திருக்கவே தீர்ப்புச் சொன்னது. சன்னிவேல் நோட்டரிக்கு இவை மூன்றுமே அதிகாரத்துக்கு அப்பாற்பட்டவை. அவர் அந்தக் கிழவரிடம் உரிமத்தைக் காட்டச் சொல்லியிருப்பார், வழக்கு அந்த இடத்திலேயே முடிந்திருக்கும். முகவரிச் சான்று விஷயத்தில் சபையும் கொஞ்சம் தாராளம்தான். இந்த ஊர்க்காரர் என்கிறீரே, வீடு எங்கே என்று கேட்டதற்குக் கிழவர் அவர்களைத் திருவருட்டுறைக் கோவிலுக்கு அழைத்துப்போய் உள்ளே மறைந்துவிட்டார். கரண்ட் பில் இல்லை, வாடகை ஒப்பந்தம் இல்லை, வங்கிக் கணக்கு அறிக்கை இல்லை. இன்றைய மையத்தில் கோப்பு மறுநாளே திரும்பி வந்திருக்கும்.

ஆரூரரை விடுவதற்கு முன் அவரை வைத்தே இனிஷியல் சிக்கலையும் முடித்துவிடலாம். அவருடைய தகப்பனார் சடையனார். ஊர் வழக்கப்படி மகன் ச. ஆரூரன். பாஸ்போர்ட் படிவம் இனிஷியலை ஏற்காது, விரித்து எழுதச் சொல்லும். விரித்தால் பெயர் ஆரூரன், குடும்பப் பெயர் சடையனார். பார்சல் கடையில் 'மிஸ்டர் சடையனார்!' என்று கூப்பிட, மகன் பின்னால் திரும்பி அப்பாவைத் தேடுவார். பிரமாணப் பத்திரத்தின் முதல் வரியோ 'சடையனாரின் மகன் ஆரூரன் சடையனார் ஆகிய நான்' என்று தொடங்கும். அப்பா அங்கே இரண்டு தடவை வருகிறார், பிள்ளை ஒரு தடவைதான். பள்ளிச் சான்றிதழில் ச. ஆரூரன், பாஸ்போர்ட்டில் ஆரூரன் சடையனார் என்று ஆனவர், இருவரும் ஒருவரே என்று தனியாக இன்னொரு பத்திரம் செய்ய வேண்டியும் வரலாம். கல்யாணத்துக்குப் பின் அப்பாவின் இனிஷியலை எடுத்துவிட்டுக் கணவரின் இனிஷியலைப் போட்டுக்கொண்ட பெண்களின் கோப்பு, தடிமனில் தனி ரகம்.

செய்முறையில் ஒன்றை மட்டும் அடிக்கோடிட வேண்டும். பிரமாணப் பத்திரத்தில் வீட்டிலேயே கையெழுத்துப் போட்டுக்கொண்டு போகக் கூடாது. சத்தியம் செய்த பிறகு, நோட்டரியின் கண் முன்னால் போட வேண்டும். கலிஃபோர்னியாவில் நோட்டரிக்கும் சத்தியம் செய்பவருக்கும் நடுவே மொழிபெயர்ப்பாளர் இருப்பதையும் சட்டம் ஏற்பதில்லை. ஊரிலிருந்து வந்த அப்பத்தாவுக்குப் பத்திரம் தேவைப்பட்டால் தமிழ் பேசும் நோட்டரியைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும். சன்னிவேலில் அது அப்படியொன்றும் நடக்காத காரியமில்லை.

கடைசியாக, இவ்வாய்வின் பயன்பாட்டுப் பகுதி. விண்ணப்பதாரர் தன் கையெழுத்துக்குக் கீழே நம் வழக்கப்படி நாள், மாதம், ஆண்டு என்று தேதி போடுகிறார். மார்ச் 4 அன்று அவர் 04/03 என்று எழுதினால், மாதத்தை முன்னால் வைத்துப் படிக்கும் நோட்டரி அம்மையாருக்கு அது ஏப்ரல் 3. இன்னும் வராத ஒரு நாளில் போட்ட கையெழுத்துக்கு அவர் எப்படிச் சான்றளிப்பார்? புருவம் மேலே போகிறது, தாள் திரும்பி வருகிறது. 12ஆம் தேதிக்கு மேல் போனால் அப்படி ஒரு மாதமே கிடையாது. இரு நாட்டு வழக்குக்கும் பொருந்தும் நாட்கள், நாளும் மாதமும் ஒரே எண்ணாக வரும் 12 மட்டுமே.

இவற்றை 2026ஆம் ஆண்டுக்குக் கணித்துப் பார்த்தேன். 1/1 புத்தாண்டு விடுமுறை. 11/11 முன்னாள் படைவீரர் நாள், வங்கி கிடையாது. 4/4, 6/6, 8/8, 10/10, 12/12 ஐந்தும் எந்த ஆண்டிலும் ஒரே கிழமையில்தான் விழும். 2026இல் அது சனி, சனிக்கிழமை நல்ல காரியத்துக்கு வீட்டில் சம்மதிக்க மாட்டார்கள். 3/3, 5/5, 7/7 மூன்றும் செவ்வாய். செவ்வாயைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். மிஞ்சுவன 2/2 திங்களும் 9/9 புதனும். திங்களன்று ராகுகாலம் காலை 7.30 முதல் 9 வரை, கடை திறப்பதற்குள் முடிந்துவிடும். புதனன்று பகல் 12 முதல் 1.30 வரை, அந்த நேரத்தில் நோட்டரி அம்மையார் சாப்பிடப் போயிருப்பார்.