தலைப்பெழுத்தா, தலையெழுத்தா?

இந்த வாரம் வந்த கடிதங்கள் முக்கால்வாசி ஒரே விஷயம்: கல்யாணத்துக்குப் பிறகு இனிஷியல். வேடிக்கை என்னவென்றால், பெயரைப் பற்றி எழுதியவர்களில் ஒருவர்கூடத் தன் பெயரை வெளியிடச் சம்மதிக்கவில்லை. அதனால் ஊரை மட்டும் போட்டிருக்கிறோம்.

கல்யாணப்பெண், திருச்சி: அடுத்த மாதம் எனக்குக் கல்யாணம். அப்பா இனிஷியலை எடுத்துவிட்டுக் கணவர் இனிஷியலைப் போட வேண்டும் என்று சட்டம் இருக்கிறதா?

இல்லை. தமிழ்நாட்டில் 2009-ம் ஆண்டுச் சட்டப்படி கல்யாணத்தைப் பதிவு செய்வதுதான் கட்டாயம். பெயரை மாற்றுவது அல்ல. ஜப்பானில் பிறந்திருந்தால் கதை வேறு. தம்பதி இருவரும் ஒரே குடும்பப் பெயரில் இருந்தாக வேண்டும் என்று அங்கே சிவில் சட்டமே சொல்கிறது. யார் பெயர் என்பது அவரவர் விருப்பமாம். ஆனால் 100 ஜோடியில் ஏறக்குறைய 95 ஜோடிகளில் ‘விரும்பி’ மாற்றிக்கொள்வது பெண்தான். அங்குள்ள உச்ச நீதிமன்றம் 2015, 2021 என இரண்டு முறை இந்தச் சட்டம் செல்லும் என்றது. கனடாவின் கியூபெக் மாகாணம் இதற்கு நேர் எதிர். அங்கே 1981-லிருந்து மனைவிக்குப் பிறந்த வீட்டுப் பெயர்தான். ஆசைப்பட்டாலும் அரசு ஆவணங்களில் கணவர் பெயருக்கு மாற முடியாது. நாம் இரண்டுக்கும் நடுவில் இருக்கிறோம். இங்கே சட்டம் சும்மா இருக்கிறது; சித்தப்பாதான் சும்மா இருப்பதில்லை.

மாமியார், கும்பகோணம்: கணவர் இனிஷியலைப் போட்டுக்கொள்வதுதானே அந்தக் குடும்பத்தோடு சேர்ந்ததற்கு அடையாளம்? நான் தாலி ஏறிய வாரமே மாற்றினேன்.

அம்மா, ஒரு சின்னக் கணக்கு. சுப்பையா மகன் முருகன், ஆக, சு. முருகன். அவருக்கு மனைவியாக வந்தவர் மு. கவிதா. பிள்ளைகள் மு. அருண், மு. நிலா. இந்த நாலு பெயரையும் முன்பின் தெரியாத ஒருவரிடம் காட்டுங்கள். “முருகனுக்கு மூணு பிள்ளைங்களா? அம்மா பேரைக் காணோமே?” என்பார். அவர் மேல் தப்பில்லை. நம் இனிஷியல் குடும்பப் பெயர் அல்ல, ‘இன்னார் பிள்ளை’ என்பதன் சுருக்கம். எழுத்தை மாற்றியும் கணவனும் மனைவியும் ஒரே எழுத்துக்குள் வரவில்லை. அம்மாவும் பிள்ளைகளும்தான் ஒரே வரிசையில் நிற்கிறார்கள்.

ஐஸ்லாந்துக்காரர்களும் நம்மைப் போலத்தான், பெரும்பாலும் அப்பா பெயரைத்தான் பின்னால் சேர்ப்பார்கள். யோன் என்பவரின் மகள் யோன்ஸ்டோட்டிர். கல்யாணம் ஆனாலும் அவர் யோன்ஸ்டோட்டிர்தான். கட்டிக்கொண்டவருக்கு மகளாக முடியாதே! அவ்வளவு தூரம் போவானேன்? மலேசியத் தமிழ்ப் பெண்களின் அடையாள அட்டையில் அவர்கள் பெயருக்கும் அப்பா பெயருக்கும் நடுவே ‘ஏ/பி’ என்று இருக்கும். மலாயில் ‘இன்னாரின் மகள்’ என்று அர்த்தம். பேரன் பேத்தி எடுத்த பிறகும் அது ‘மகள்’தான்.

கல்லூரி மாணவர், விழுப்புரம்: மற்ற மாநிலங்களில் இருப்பதுபோல் நமக்குக் குடும்பப் பெயர் ஏன் இல்லை?

ஒரு காலத்தில் பலருக்குப் பெயருக்குப் பின்னால் சாதி ஒட்டிக்கொண்டிருந்தது. 1929-ல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாடு அதை விடச் சொல்லித் தீர்மானம் போட்டது. பெரியாராகிய ராமசாமி ‘நாயக்கர்’ தாமே விட்டுக் காட்டினார். வாலை வெட்டியாயிற்று, தலையில் ஒரு எழுத்துதான் மிச்சம். இப்போது அந்த ஒரு எழுத்துக்கு இரண்டு வீட்டில் சண்டை.

புதுமாப்பிள்ளை, வேலூர்: என் பெயர் கணேசன். மாமனார் கண்ணன். மனைவி இனிஷியலை மாற்ற மாட்டேன் என்கிறாள். என் அம்மா மாற்றியே ஆக வேண்டும் என்கிறார்.

உங்களைப் போல அதிர்ஷ்டசாலி யாரும் இல்லை. இனிஷியலையும் தமிழிலேயே எழுத வேண்டும் என்று 2021 டிசம்பரில் தமிழக அரசு ஆணையிட்டது. ஆங்கிலத்தில் மாமனார் ‘கே’, நீங்கள் ‘ஜி’. தமிழில் இருவரும் ‘க’. மனைவி அப்பாவை நினைத்துப் போடட்டும். அம்மா உங்களை நினைத்துப் படிக்கட்டும். ஒரே ‘க’வை வைத்துக்கொண்டு இத்தனை ஓசையைச் சமாளித்த நம் முன்னோர் உங்கள் குடும்பத்தையும் சேர்த்தே யோசித்திருக்கிறார்கள்.

ஆசிரியை, திருநெல்வேலி: மாற்றுவது என்று முடிவெடுத்துவிட்டேன். எத்தனை இடத்துக்கு அலைய வேண்டியிருக்கும்?

விரலை மடக்குங்கள். ஆதார், பான், வாக்காளர் அட்டை, ரேஷன் கார்டு, வங்கி, பாஸ்போர்ட், லைசென்ஸ், பி.எஃப்., இன்சூரன்ஸ். கல்யாணப் பதிவுச் சான்றிதழை முதலில் வாங்கிப் பத்து ஜெராக்ஸ் எடுத்துக்கொள்ளுங்கள். ஆதாரில் பெயரை ஆயுசுக்கு இரண்டு முறைதான் திருத்த முடியும். கல்யாணத்துக்கு ஒன்று போனால் எழுத்துப்பிழைக்கு ஒன்றுதான் பாக்கி. பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டும் டிகிரியும் பழைய பெயரிலேயே இருக்கும். பீரோவில் மேல்தட்டு அப்பா, கீழ்த்தட்டு கணவர் என்று பிரித்து வைத்துக்கொள்ளலாம்.

அட்டைகளை மாற்றிவிடலாம், கையை மாற்றுவதுதான் கஷ்டம். நானும் மாற்றியவள்தான். எட்டு மாதம் கழித்து ஒரு செக் திரும்பி வந்தது: கையெழுத்து ஒத்துப்போகவில்லை. கவுண்டரில் இருந்தவர் செக்கை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, “மேடம், இது ‘ரா’வா, ‘ச’வா?” என்றார். அப்பாவின் ‘ரா’வை எழுதிவிட்டு, நினைவு வந்து, அதன் மேலேயே கணவரின் ‘ச’வை எழுதியிருக்கிறேன். “ரெண்டும்தான் சார்” என்றேன். எனக்குக் கல்யாணம் ஆன விஷயத்தைப் பேனாவிடம் யாரும் சொல்லவில்லை.

இல்லத்தரசி, ராமநாதபுரம்: துபாயில் இருக்கும் கணவரிடம் போகப் பாஸ்போர்ட் எடுக்கிறேன். கணவர் பெயரைச் சேர்த்தே ஆக வேண்டும் என்கிறார் புரோக்கர்.

வேண்டியதில்லை. பாஸ்போர்ட்டுக்காகப் பெண்கள் கல்யாணத்துக்குப் பின் பெயரை மாற்ற வேண்டாம் என்று 2017-லேயே பிரதமர் அறிவித்துவிட்டார். புரோக்கருக்குத்தான் இன்னும் தகவல் போகவில்லை. ஆனால் ‘சர்நேம்’ கட்டத்தைக் காலியாக விடாதீர்கள். ஒற்றைப் பெயரோடு விசிட் விசாவில் வருபவர்களுக்கு 2022 நவம்பரில் அமீரகம் கட்டுப்பாடு கொண்டுவந்தது. அந்தக் கட்டத்தில் அப்பா பெயரைப் போட்டாலும் போதும். என்ன, விமானத்தில் உங்கள் அப்பா பெயரைச் சொல்லித்தான் உங்களைக் கூப்பிடுவார்கள். அவரும் ஒரு நடை துபாய் வந்த மாதிரி இருக்கட்டுமே.

சங்கீத ரசிகர், மதுரை: புகழ்பெற்ற பெண்கள் எல்லாம் என்ன செய்தார்கள்?

உங்கள் ஊரிலிருந்தே தொடங்கலாம். எம்.எஸ். சுப்புலட்சுமியின் ‘எம்.எஸ்.’ என்றால் மதுரை சண்முகவடிவு. ஊரும் அம்மாவும். 1940-ல் சதாசிவத்தை மணந்த பிறகும் அந்த இரண்டு எழுத்து அசையவில்லை. எம்.எல். வசந்தகுமாரியின் ‘எல்’, அம்மா லலிதாங்கி. கே.பி. சுந்தராம்பாளின் ‘பி’, அம்மா பாலாம்பாள். கிட்டப்பாவைக் கைப்பிடித்தும் அது மாறவில்லை. தலையில் அப்பாவும் இல்லை, கணவரும் இல்லை. கச்சேரிக்கு ஒரு குறையும் வந்துவிடவில்லை.

இன்னொரு பக்கமும் உண்டு. புதுக்கோட்டை முத்துலட்சுமி, டாக்டர் சுந்தர ரெட்டியை மணந்து முத்துலட்சுமி ரெட்டி ஆனார். அந்தப் பெயரோடுதான் சட்டசபையில் தேவதாசி முறையை எதிர்த்து நின்றார். எழுத்தை மாற்றியவர் எல்லாம் அடங்கிப்போனவர் என்றும் எழுதிவிட முடியாது.

கணவர், சேலம்: மனைவி மாற்ற மறுப்பதால் நண்பர்கள் என்னைக் கிண்டல் செய்கிறார்கள்.

பாஸ்வேர்டை மாற்றச் சொன்னாலே மூன்று நாள் முணுமுணுக்கும் கூட்டம்தானே அது? விடுங்கள்.

பெயர் சொல்ல விரும்பாதவர், புதுச்சேரி: கடைசியாக ஒன்று. நீங்கள் ஏன் இந்தப் பகுதியில் இனிஷியலே போடுவதில்லை?

கண்டுபிடித்துவிட்டீர்களா? அப்பா எழுத்தைப் போட்டால் புகுந்த வீட்டில் ஏன் என்று கேட்பார்கள். கணவர் எழுத்தைப் போட்டால் அப்பா ஏன் என்று கேட்க மாட்டார். எனக்கு இரண்டாவதுதான் சங்கடம்.

எழுத்து மாறிய புது பாஸ்புக்கை அப்பாவிடம் கொண்டுபோய்க் காட்டினேன். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, கிட்டே வைத்துப் பார்த்தார். கட்டை விரலால் அந்த ‘ச’வை ஒரு தடவை தடவினார்.

“அச்சு நல்லா விழுந்திருக்கும்மா” என்றார்.