ஆற்றில் போட்டதும் குளத்தில் எடுத்ததும்

திருமுதுகுன்றம் என்னும் விருத்தாசலத்தில் சிவபெருமான் அளித்த 12,000 பொன்னைச் சுந்தரமூர்த்தி நாயனார் மணிமுத்தாற்றில் போட்டுத் திருவாரூர்க் கமலாலயக் குளத்தில் எடுத்துக்கொண்டார் என்பது புராணப் பிரசித்தம். அவருக்குப் பின் அந்த வித்தையில் தேர்ச்சி பெற்றவர்கள் வருவாய்த்துறையார் மட்டுமே என்று, அதே விருத்தாசலத்துப் பீங்கான் பேட்டையில் சூளை வைப்பதற்குத் தம்பி வாங்கிய சர்க்கார் கடனுக்காகத் தன் வீட்டுக் கதவில் ஜப்தி நோட்டீஸ் ஒட்டப்பெறும் எந்த அண்ணனுக்கும் தோன்றுவது சகஜம். 1864-ஆம் வருஷத்து வருவாய் வசூல் சட்டம் பாக்கிதாரனுடைய சொத்தைத்தான் பேசுகிறது. அவனுடைய அண்ணனைப் பற்றி அது அனுஷ்டிக்கும் மௌனத்தைச் சம்மதத்துக்கு அறிகுறி என வியாக்கியானம் செய்வது கச்சேரிப் பாண்டித்தியம். பாகம் பிரியாத வீட்டில் தம்பிக்குள்ள பங்கைத் தொடுவதானால் தொடட்டும், ஆனால் அது திண்ணையா கொல்லையா என்பதையாவது அமீனா சொல்ல வேண்டாமா? பிதாவின் கடனைப் புத்திரன் தீர்த்தாக வேண்டும் என்ற புராதன விதியையே, இனி வாங்கும் கடன்களைப் பொறுத்தமட்டில், 2005-இல் இந்து வாரிசுரிமைத் திருத்தச் சட்டம் ரத்துச் செய்துவிட்டது. சகோதரக் கடனுக்கு மாத்திரம் ஏனோ சிரஞ்சீவித்துவம். இத்தனைக்கும் தம்பியின் சூளையருகே விலைபோகாத பீங்கான் பொம்மைகள் ஆளுயரத்துக்கு அடுக்கிக் கிடக்கின்றன; அவற்றை ஜப்தி செய்ய மட்டும், எடுத்தால் உடைந்துவிடுமே என்ற ஜீவகாருண்யத்தினால், ஒருவரும் முன்வருவதில்லை.